குகைப்பாலும் போத்தல் மருந்தும்

தோட்டத்து டிஸ்பென்சராக வேலை பார்த்தவர்களுக்கு ஒரு விஷயம் தெரியும்: நாம் கொடுக்கும் மருந்தில் சனங்களுக்குப் பாதி நம்பிக்கைதான், மீதிப் பாதியை வேறெங்கோ பத்திரமாக வைத்திருப்பார்கள். அது எங்கே இருக்கிறது என்று தேடப் போனால் வேலை கெடும், தேடாமல் இருந்தால் தூக்கம் கெடும். எனக்குத் தூக்கம் முக்கியம். இலங்கைக்குச் சுதந்திரம் வந்து சில வருஷங்கள் ஆகியிருந்த சமயம், உடப்புசல்லாவைப் பக்கம், தேயிலை முடிந்து புல்மலை தொடங்குகிற ஒரு தோட்டத்துக்கு என்னைப் போட்டார்கள். அங்கே நான் தேடிப்போன ஒரு வெள்ளைச் சாமானின் கதைதான் இது. மருந்துக் கரண்டி பிடித்துக் கை மரத்துப்போன தோழர்கள் படித்துவிட்டு, என்னைப் பார்த்துச் சிரித்துக்கொள்ளலாம்.

பால்டின்னில் வந்த தயிர்

கூலிக்காரர்களின் வரிசை வீடுகளில் கீழ் லயத்து மாரியாயி ஒரு நாள் முழங்கையைச் சிராய்த்துக்கொண்டு வந்தாள். காயத்துக்கு மருந்து வைக்கக் கையை நீட்டச் சொன்னால் நீட்டமாட்டேன் என்கிறாள். கக்கத்தில் ஒரு பழைய பால்டின். அதைக் கீழே வைக்க அவளுக்கு மனமில்லை. என் மேசைமேல் வைக்கச் சொல்லி, அவள் முகத்தைத் திருப்பிய நேரத்தில் மூடியைத் திறந்து பார்த்தேன். உள்ளே தோய்ந்த தயிர் மாதிரி ஒன்று. விரலால் தொட்டால் குளிர்ந்தது. அழுத்தினால் தண்ணீர் கசிந்தது. நாக்கு நுனியில் வைத்துப் பார்த்தேன், புளிப்பும் இல்லை, உப்பும் இல்லை, சும்மா சுண்ணாம்பு வாடை.

"குகைப்பாலுங்க" என்றாள். புல்மலை ஓரத்தில் ஒரு வெள்ளைப் பாறை, அதன் வயிற்றில் ஒரு குகை, அதன் சுவரில் இது ஊறுகிறதாம். பிள்ளை பெற்றவளுக்குப் பால் இறங்காவிட்டால் கொஞ்சமாக எடுத்துக் கஞ்சியில் கரைத்துக் கொடுப்பார்களாம். அவளைக் கெஞ்சி ஒரு சிட்டிகை வாங்கிக் காகிதத்தில் பரப்பி வைத்தேன். காய்ந்ததும் அது மாவாகிவிட்டது. மூச்சு விட்டால் பறக்கிற மாவு. அப்பேர்ப்பட்ட கனமில்லாத கல்லை நான் பார்த்ததே இல்லை. இதைத் தின்றால் பால் ஊறும் என்று யார் சொன்னார்கள் என்று அடுத்த முறை அவளைக் கேட்டேன். என்னைப் பரிதாபமாகப் பார்த்தாள்.

"கல்லே கசியுது, பொம்பள கசிய மாட்டாளாங்க?"

ஒரு குகை, ஆளுக்கொரு பேர்

அதன் பிறகு யார் டிஸ்பென்சரிக்கு வந்தாலும், நாக்கை நீட்டச் சொல்வதற்கு முன்பு அந்த மாவைக் காட்டி இதற்கு என்ன பேர் என்று கேட்பது என் வழக்கமாகிவிட்டது. ராமையாக் கங்காணி அதைக் கல்வெண்ணெய் என்றார். அட்டை கடித்த இடத்தில் தடவினால் அரிப்பு அடங்கும் என்றார். கோயில் பூசாரி குகைத் திருநீறு என்றார். ஒரு திருவிழாவில் திருநீறு தீர்ந்துபோய் இதைக் கொடுத்தாராம். இவர் மணி ஆட்டி முடிப்பதற்குள் எல்லார் நெற்றியிலிருந்தும் அது காற்றோடு போய்விட்டதாம். அன்று முதல் அவருக்கு அதன்மேல் மரியாதை இல்லை.

கீழே சிங்களக் கிராமத்திலிருந்து காய்கறி கொண்டுவரும் புஞ்சிபண்டா அதைப் பார்த்ததும் "கிரிமெட்டி" என்றான். வெள்ளைக் களிமண்ணுக்கு அவர்கள் பொதுவாகச் சொல்லும் பேர் அது. குழைத்து வீட்டுச் சுவருக்குப் பூசுவார்களாம், வெள்ளைவெளேர் என்று இருக்குமாம். எங்கள் பெண்கள் இதைக் கஞ்சியில் கரைத்துக் குடிக்கிறார்கள் என்று சொன்னேன். கூடையை இறக்கி வைத்துவிட்டு வயிறு குலுங்கச் சிரித்தான். சிரித்து முடித்துக் கூடையைத் தூக்கிக்கொண்டே சொன்னான்.

"ஒங்க ஆளு திங்கிறது, எங்க ஆளு பூசுறது. குகைக்கு ரெண்டும் ஒண்ணுதான் மாத்தயா."

குகை வாசலில் ஒருத்தி

பேரைக் கேட்டால் மட்டும் போதுமா? ஒரு ஞாயிற்றுக்கிழமை மாரியாயியோடு நானும் போனேன். குனிந்து நுழைய வேண்டிய குகை. உள்ளே போனதும் வெளியே அடித்த காற்றுச் சத்தம் நின்றுவிட்டது. சுவர் முழுக்க வெள்ளைப் பூச்சு, கையை வைத்தால் அமுங்கியது. சுரண்டிப் பார்க்க நான் சட்டைப்பையிலிருந்து கரண்டியை எடுத்தேன். மாரியாயி என் கையைத் தட்டிவிட்டாள். இரும்பு படக்கூடாதாம். விரலால்தான் அள்ளவேண்டும், அதுவும் ஒரு பெண்ணுக்கு எவ்வளவு வேண்டுமோ அவ்வளவுதான். அள்ளிய இடத்தில் மறுபடியும் ஊற விடவேண்டும். எனக்குக் கரண்டி பிடித்துத்தான் பழக்கம் என்றாலும் சொன்னபடி செய்தேன்.

வெளியே வந்தபோது வாசலில் பேச்சியம்மா நின்றிருந்தாள். இறம்பொடைப் பக்கத்துத் தோட்டம் ஒன்றிலிருந்து அந்த வருஷம்தான் கணவனோடு இங்கே வந்திருந்தாள். கீழ் லயத்தில் கடைசிக் காம்பரா, ஒற்றை அறை. சொந்தம் என்று சொல்ல இங்கே யாரும் இல்லை. வயிற்றில் மூன்றாவது பிள்ளை. முதல் இரண்டும் பால் இல்லாமல், தவிட்டுக் கஞ்சியும் சீனித் தண்ணீருமாகக் கொஞ்ச நாள் கிடந்து போய்விட்டன. கர்ப்பிணிகள் உள்ளே வரக்கூடாது என்பதால் வாசலில் நின்றபடியே மாரியாயியின் டின்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். அப்புறம் என்னிடம் மெதுவாகக் கேட்டாள்.

"நான் பெக்கிறப்ப செவுத்துல மிச்சம் இருக்குமாங்க டாக்டரய்யா?"

நிலாவைக் கொண்டுவந்த பெரியவர்

அந்தச் சமயம் பார்த்து, கனிமம் தேடுகிற அரசாங்க அதிகாரி ஒருவர் கொழும்பிலிருந்து வந்து, தோட்டத்தை நடத்தும் பெரிய துரையின் பங்களாவில் தங்கினார். யாழ்ப்பாணத்துக்காரர். காதில் விழுந்ததும் என் காகிதப் பொட்டலத்தோடு போய் நின்றேன். ஒரு சொட்டு அமிலம் விட்டார். பொங்கியது. பூதக்கண்ணாடியை வைத்துப் பார்த்தவர், சாப்பாட்டை மறந்து என்னோடு குகைக்கே வந்துவிட்டார். இந்தச் சாமான் எல்லாக் குகையிலும் கிடைக்காது என்று சொன்னபோது எனக்கு ஏதோ என் சொந்தப் பிள்ளையைப் புகழ்ந்தது போல இருந்தது.

"சீமையிலை பனி கொட்டுற மலையளிலையும் உது இருக்கு. அங்கை உதுக்கு நிலாப்பால் எண்டு பேர்" என்றார். நிலா வெளிச்சம் பாறைக்குள் இறங்கி ஊறி இப்படி வருகிறது என்று அந்தச் சனங்கள் நினைத்தார்களாம். எதற்குப் பயன்படுத்தினார்கள் என்று கேட்டேன். காயத்துக்குப் பூசினார்கள், மாட்டுக்குக் கொடுத்தார்கள், பால் இல்லாத தாய்மாருக்கும் கொடுத்தார்கள் என்றார். எனக்கு உடம்பு சிலிர்த்துவிட்டது. கடலுக்கு அந்தப் பக்கம் இருக்கிறவளுக்கு மாரியாயியைத் தெரியாது, மாரியாயிக்கு அவளைத் தெரியாது. இரண்டு பேரும் ஒரே வெள்ளைச் சுவரைப் பார்த்து ஒன்றையே நினைத்திருக்கிறார்கள். சரி, உண்மையிலேயே பால் ஊறுமா என்று கேட்டேன். தான் பாறைக்குத்தான் டாக்டர் என்று சொல்லிவிட்டு, இதில் மக்னீசியம் இருக்கிறது, உம்முடைய டிஸ்பென்சரியில் வயிற்றுக்குக் கொடுக்கும் வெள்ளை மருந்துக்கு நெருங்கிய சொந்தம் என்றார்.

பங்களாவுக்குத் திரும்பியதும் அதைத் துரைக்கு முன்னாலும் சொல்லாமல் இருந்திருக்கலாம். குகைக் கூரையில் கற்கள் பிளந்து தொங்குவதையும் அவரே சொன்னார். துரை மோசமான ஆள் இல்லை. அவருக்கு எதுவும் நேர்கோட்டில் போகவேண்டும். மறுநாள் குகை வாசலில் பலகை அடித்து அடைக்கச் சொல்லிவிட்டு, தோட்டத்துத் தமிழில் என்னிடம் சொன்னார்.

"கல்லு விழும், ஆள் சாகும். அதே சாமான் போத்தல்ல இருக்கு. போத்தல் குடு."

பூனை படுத்திருந்த அடுப்பு

பேச்சியம்மாவுக்குப் பெண் பிறந்தது. சுகப்பிரசவம். ஆனால் அவள் பயந்ததுதான் நடந்தது, பால் இறங்கவில்லை. துரை சொன்னபடி நான் வெள்ளை மருந்தைப் பெரிய போத்தலில் ஊற்றி, தினம் ஒரு சின்னக் கரண்டி கஞ்சியில் கலந்து குடிக்கச் சொல்லி, என் கையாலேயே கொண்டுபோய்க் கொடுத்தேன். இதுவும் குகைப்பாலும் ஒன்றுதான் என்று லயம் முழுக்கக் கேட்கும்படி விளக்கமும் சொன்னேன். அவள் போத்தலை இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டாள். அடுத்தடுத்த நாட்களில் போய்ப் பார்த்தபோது பிள்ளையின் அழுகை தேய்ந்துகொண்டே வந்தது. அழுகிற பிள்ளையைப் பார்த்து நாம் பயப்பட மாட்டோம் தோழர்களே, அழ மறக்கிற பிள்ளையைப் பார்த்துத்தான் பயப்படுவோம்.

ஒரு நாள் காலையில், கணவன் தேயிலைச் செடிக்குக் கவ்வாத்து வெட்டப் போன பிறகு, முன்னறிவிப்பில்லாமல் போனேன். பேச்சியம்மா பீலியடியிலிருந்து தண்ணீர் வாளியைத் தூக்கிக்கொண்டு வந்தாள். அடுப்பில் பூனை படுத்திருந்தது. என்ன சாப்பிட்டாய் என்று கேட்டேன். தேத்தண்ணியும் நேற்று மிஞ்சின ரொட்டித் துண்டும் என்றாள். அந்த லயத்தில் எந்தப் பிள்ளைபெற்ற வீட்டிலும் நான் காலியான அடுப்பைப் பார்த்ததில்லை. பக்கத்துக் காம்பராக்காரிகள் சட்டி சட்டியாகக் கொண்டுவந்து வைப்பார்கள். இவளுக்கு மட்டும் ஏன் இப்படி? எனக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. மாரியாயியைக் கூப்பிட்டு, ஊர்விட்டு வந்தவள் என்று ஒதுக்குகிறீர்களா என்று சத்தம் போட்டேன்.

அவள் கண் கலங்கிவிட்டது. அப்போதுதான் அந்த முறை எனக்குத் தெரிந்தது. குகைப்பாலை யார் அள்ளிக்கொண்டுவந்து கொடுக்கிறார்களோ, அது தீரும் வரைக்கும் அவர்கள்தான் அந்த வீட்டுக்கு உலை வைக்கவேண்டும், தண்ணீர் தூக்கவேண்டும், விறகு போடவேண்டும். தாய்க்காரி பாயைவிட்டு எழும்பக்கூடாது. நடுவில் வேறு கை பட்டால் வருகிற பாலும் நின்றுவிடும். அதனால்தான் பக்கத்தில் இருந்தும் ஒருத்தியும் ஒரு பிடி சோறு நீட்டவில்லை. எல்லாரும் கதவிடுக்கில் நின்று பேச்சியம்மாவுக்காக வேண்டிக்கொண்டு, என்னை எதிர்பார்த்துக்கொண்டு இருந்திருக்கிறார்கள்.

"அதுவும் இதுவும் ஒண்ணுன்னு சொன்னது நீங்க, கொண்டாந்து குடுத்தது நீங்க. ஐயா எப்ப கஞ்சி கொண்டாருவாருன்னுதானேங்க பாத்துக்கிட்டே இருக்கோம்!"

உலை வைத்த டிஸ்பென்சர்

என் மனைவி கிரேஸ் தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் டீச்சர். காலையில் போனால் மத்தியானம்தான் வருவாள். விஷயத்தைச் சொன்னதும், மருந்து கொடுத்தது நீங்கள்தானே, உலையும் நீங்களே வையுங்கள் என்று சொல்லிவிட்டுக் குடையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். உடப்புசல்லாவைக் கடையில் பால்சுறாக் கருவாடும் பூண்டும் வாங்கிவந்து, முதல் நாள் வைத்த கஞ்சி அடிப்பிடித்தது. அதையும் தூக்கிக்கொண்டு லய வாசல் வழியாக நடந்தேன். ஒரு கையில் கஞ்சிச் சட்டி, ஒரு கையில் தண்ணீர் வாளி, கழுத்தில் ஸ்டெதஸ்கோப். சிரிக்கக்கூடாது என்று பெண்கள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்கள். பேச்சியம்மா பாயில் சாய்ந்து உட்கார்ந்து, தீய்ந்த வாசனையையும் பொருட்படுத்தாமல் வழித்துக் குடித்தாள். தினமும் போனேன். டிஸ்பென்சரி வாசலில் நோயாளிகள் காத்துக் கிடந்தார்கள். அதைப் பார்த்த துரை, பாதையில் என்னைச் சட்டியும் கையுமாக நிறுத்தி விசாரித்தார். முழுவதையும் கேட்டுவிட்டு, கூரையில் தொங்கின கற்களைத் தட்டி இறக்கிக் குகையைத் திறந்துவிடும்படி கங்காணிக்குச் சொல்லி அனுப்பினார். எனக்கு மட்டும் விடுதலை இல்லை, ஏனென்றால் என் போத்தல் இன்னும் தீரவில்லை.

பால் வந்தது. மருந்தாலா, கருவாட்டாலா, வாளி தூக்காமல் படுத்துக் கிடந்ததாலா என்று என்னால் சொல்லமுடியாது. என்ன சொல்லப்போகிறேன், குடித்துக் களைத்து, கடைவாயில் பால் ஒழுக அந்தக் குழந்தை தூங்கியதைப் பார்த்துவிட்டு நான் காம்பராவுக்கு வெளியே வந்து கண்ணைத் துடைத்துக்கொண்டேன். பிள்ளை கொழுகொழு என்று ஆனபிறகும் நான் கஞ்சி சுமந்துகொண்டிருந்தேன். கணக்குப்படி போத்தல் எப்போதோ காலியாகியிருக்க வேண்டும். ஒரு நாள் பொறுக்காமல் எடுத்து வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன், பாதி அப்படியே இருந்தது. கரண்டிக்குப் பதில் விரல் நுனியால் தொட்டு நாக்கில் வைத்துக்கொண்டிருக்கிறாள். ஏன் இப்படி என்று கேட்டேன். பிள்ளையின் தலையைத் தடவிக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள்.

"எனக்குன்னு ஒருத்தர் ஆக்கிப்போட்டு நான் ஒக்காந்து தின்னதே இல்லீங்க டாக்டரய்யா, அதான் இத வெரசாத் தீக்க மனசு வரல."

கல்வெண்ணெய், கிரிமெட்டி, நிலாப்பால் என்று அந்தச் சாமானுக்கு எத்தனை பேர் வேண்டுமானாலும் இருக்கட்டும், குகை திறந்த பிறகும் என் போத்தலையே கேட்ட லயத்து அடுத்த பிரசவத்துக்கு நான் மிகச் சின்னப் போத்தலாகப் பார்த்துத்தான் எடுத்தேன் தோழர்களே, ஆனாலும் அரிசியை முன்கூட்டியே களைந்து வைத்துவிட்டேன்.