ஆரஞ்சுக் கண்ணன்

தெருவில் அவளுக்கு ஈக்காரி என்று பெயர். ஆராய்ச்சிக்கூடத்தில் பழ ஈ வளர்ப்பதுதான் உத்தியோகம் என்றால் வேறென்ன பெயர் வைப்பார்கள்? அவளும் லேசுப்பட்டவள் இல்லை. நாத்தனார் கல்யாணத்தில் குடும்பமே போட்டோவுக்கு நின்றபோது, "பெண் ஈ பொரிஞ்சு வர்ற நேரம், ஆண்களோட சேர்றதுக்குள்ள பிரிச்சு வைக்கணும்" என்று நழுவிவிட்டாள். "என் தங்கச்சி கல்யாணத்த விட்டுட்டு ஈ கல்யாணத்தத் தடுக்கப் போன மகராசி" என்று கணவன் இன்றைக்கும் வருகிறவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டிருக்கிறான்.

அந்த வருஷம் அவள் பட்ட பாடு கொஞ்சநஞ்சமல்ல. முதுமையில் கைநடுக்கம் தரும் வியாதியோடு சம்பந்தப்பட்ட மனித மரபணு ஒன்றை ஈக்குள் வைக்க வேண்டும். வெள்ளைக் கண் ஈக்களின் முட்டை, கண்ணுக்கே சரியாகத் தெரியாது. அதில் தலைமுடியைவிட மெல்லிய ஊசியால் அந்த மரபணுவைச் செலுத்த வேண்டும். உள்ளே போனதா இல்லையா என்று எப்படித் தெரியும்? அதற்காகக் கண்ணுக்கு நிறம் தரும் மரபணுவையும் கூடவே ஒட்டி அனுப்புவார்கள். ஊசி போட்ட முட்டைகளில் பாதி செத்தன. மீதியெல்லாம் வளர்ந்து முட்டையிட்டுப் பெருகியதில் வெள்ளைக் கண், வெள்ளைக் கண், எங்கே பார்த்தாலும் வெள்ளைக் கண். கடைசியில் ஒரே ஒருவன், ஆண், ஆரஞ்சுக் கண்ணோடு வந்தான். அவள் ஓவென்று அழுதுவிட்டாள்.

மறுநாளே கூடத்தில் ஏ.சி. படுத்துவிட்டது. சூடு ஏறினால் ஆண் ஈ மலடாகிவிடும். பக்கத்துக் கட்டிடத்துக் குளிர் அறைச் சாவிக்காரர் லீவு. ஒரு ஈ வெளியே போனாலும் சீட்டுக் கிழியும் என்று பேராசிரியர் சொல்லியிருந்தது தெரிந்தும், வீட்டில் இவ்வளவு சூடு இருக்காது என்று அவன் இருந்த குப்பியைக் கைப்பையில் போட்டுக்கொண்டு வீட்டுக்கு வந்துவிட்டாள். சாப்பாட்டு மேசைமேல் வைத்துவிட்டு முகம் கழுவப் போனாள். புத்திசாலிப் பெண் செய்கிற காரியமா இது?

மாமனார் ஓய்வுபெற்ற பஸ் கண்டக்டர். பஸ்ஸில் டிக்கெட் இல்லாதவனை விட்டதில்லை. வீட்டில் ஈ, கொசுவை விட்டதில்லை. கொசு பேட்தான் அவர் ஆயுதம். பஞ்சு அடைத்த குப்பியின் அடியில் ஈக்கான தீனி பழுப்பாக இருக்கவே, இருமல் மருந்தாக்கும் என்று திறந்து மோந்து பார்த்தார். மூக்கை உரசிக்கொண்டு ஈ பறந்தது.

"அடடே, மருந்துல ஈ!" என்று பேட்டை வீசினார்.

"மாமா!" என்று அவள் ஈர முகத்தோடு ஓடி வருவதற்குள் மூன்று வீச்சு முடிந்திருந்தது. மூன்றும் தவறின. கொஞ்ச நாளாகவே அவர் வலது கை நடுங்கிக்கொண்டிருந்தது. டாக்டர் சொன்ன பெயர் எல்லோருக்கும் தெரியும். அவர் முன்னால் யாரும் சொல்வதில்லை.

"பேட்ல சார்ஜ் இல்லம்மா" என்றார், முகத்தைத் திருப்பிக்கொண்டு.

அவள் தரையிலேயே உட்கார்ந்துவிட்டாள். "என் வேலை, உழைப்பு எல்லாம் போச்சு மாமா. உங்க கைநடுக்கத்தோட சம்பந்தப்பட்ட ஜீன்தான் அதுக்குள்ள இருக்கு."

கிழவர் பேட்டைக் கீழே வைத்தார். "என் வியாதியா? அப்ப அவன் நம்ம வீட்டு ஆளாச்சே! அடையாளம் என்ன?"

"ஆரஞ்சுக் கண்ணு."

"அதான் டிக்கெட்டா? சரி, ஜன்னலைச் சாத்து. டேய், ஃபேனை நிறுத்துடா!" என்று மகனுக்கும் குரல் கொடுத்தார்.

கணவன் வியர்வையில் குளித்தான். கறுத்துப்போன வாழைப்பழத்தை நடு மேசையில் வைத்து, கண்ணாடி டம்ளரோடு மாமனார் காவல் உட்கார்ந்தார். முதலில் அகப்பட்டவனை அவள் லென்சில் பார்த்தாள். "செவப்புக் கண்ணு. வீட்டுல சுத்துற சாதாரணப் பழ ஈ."

"டிக்கெட் இல்லாத கேஸு" என்று அவர் அவனை அங்கேயே தீர்த்துக்கட்டினார்.

அடுத்தவன் பழத்தில் இறங்கியபோது அவர் நடுங்கும் கையை இடது கையால் இறுக்கிப் பிடித்துக்கொண்டு டம்ளரைக் கவிழ்த்தார். அவள் குனிந்து பார்த்தாள்.

"ஆரஞ்சு, மாமா."

விடிந்ததும் பேராசிரியரிடம் உண்மையைச் சொல்லி, காது புளிக்கத் திட்டு வாங்கினாள். வேலை தப்பியது. வெள்ளைக் கண் பெண்களோடு அவனைச் சேர்த்தாள். வாரிசுகள் வந்ததும், அனுமதி கேட்டு மாமனாரைக் கூடத்துக்கு அழைத்துப் போனாள். பார்ப்பதற்காக மயக்கி வைத்திருந்த ஈக்களை நுண்ணோக்கியில் பார்த்தவர் பல்லெல்லாம் தெரியச் சிரித்தார்.

"அப்பனை அப்படியே உரிச்சு வச்சிருக்கானுங்களே! இவனுங்களுக்கும் நடுங்குமா?"

"வயசானா நடை தடுமாறும், மாமா. மருந்து கண்டுபிடிச்சா முதல்ல இதுங்களுக்குத்தான் கொடுத்துப் பார்ப்போம். அப்புறம் வருஷக்கணக்கா ஆகும், மனுஷங்களுக்கு வர."

அவர் நடுங்கும் கையைச் சட்டைப் பைக்குள் விட்டுக்கொண்டார்.

"ஆகட்டும்மா. சின்னப் பசங்க முதல்ல ஏறட்டும். கண்டக்டர் எப்பவும் கடைசியிலதான் ஏறுவான்."