குளியலறை வரை எங்கள் வீடு

என் வீட்டுக்காரருக்கு வேலை செய்கிற இடத்தில் வைத்த பெயர் ரசமட்டம், தரை சமமா என்று வைத்துப் பார்க்கிற கருவியின் பெயர். டைல்ஸ் பதிக்கிறவர். யார் வீட்டுக்குப் போனாலும் மனுஷர் முகத்துக்கு முன்னால் தரையைத்தான் பார்ப்பார். முதன்முதலில் பெண் பார்க்க எங்கள் வீட்டுக்கு வந்த அன்றும் என்னைப் பார்த்ததைவிட எங்கள் ஹாலைத்தான் அதிகம் பார்த்தார். கிளம்பும்போது என் அப்பாவிடம், "அந்த மூலை கொஞ்சம் எறக்கமா இருக்குங்க" என்றார். அப்பாவுக்கு அந்த நிமிஷமே பிடித்துப்போனது. எனக்குப் பிடிக்க இன்னும் ஒரு வாரம் ஆனது.

அவருக்குக் காசு என்பது காசாகவே தெரியாது. எல்லாமே சதுர அடிதான். மகளின் பள்ளிக் கட்டணத்தைச் சொன்னால் கொஞ்ச நேரம் விட்டத்தைப் பார்ப்பார். பிறகு, "ரெண்டு பாத்ரூம்" என்பார். அத்தனை அடி தரை பதித்தால் அந்தக் கட்டணம் கைக்கு வரும் என்று அர்த்தம். நான் ஒரு பல் டாக்டர் கிளினிக்கில் வரவேற்பில் உட்காருகிறவள். வாயைத் திறந்துகொண்டு உள்ளே போகிறவர்கள் வெளியே வந்து, பில்லைப் பார்த்து மறுபடி வாயைத் திறப்பார்கள். அந்த இரண்டாவது தடவைக்கு நான்தான் பொறுப்பு.

எங்கள் வீடு மூன்றாவது மாடியில் அறுநூறு சதுர அடி. சேர்த்து வைத்ததையெல்லாம் துடைத்து முன்பணம் கட்டினோம். அது வீட்டின் விலையில் ஐந்தில் ஒரு பங்கு. இவர் கணக்கில் சமையலறையும் பால்கனியும். மீதி நானூற்றெண்பது அடிக்கு வங்கியில் இருபது வருடக் கடன். வெறும் சிமென்ட் தரையாக வாங்கி, அடிக்கு அடி வெள்ளை டைல்ஸ் அறுநூறையும் இவரே பதித்தார். அந்த ஒரு வேலைக்குத்தான் இவருக்கு யாரும் கூலி கொடுக்கவில்லை. அந்த ஒரு வேலைக்குத்தான் பாட்டுப் பாடிக்கொண்டே பதித்தார்.

ஐந்து வருடத் தவணை முடிந்த அன்று ஒரு டப்பாவோடு வந்தார். டைல்ஸுக்கு நடுவே இருக்கும் இடுக்கை அடைக்கிற பவுடர். நீல நிறம்.

"இருபதுல அஞ்சு. நாலுல ஒரு பங்கு" என்றார். "கடன்ல நூத்திருபது டைல்ஸ் நம்மளுது ஆயிடுச்சு. நம்மளுதுக்கு எல்லாம் நீலம் அடிக்கப் போறேன்."

நானும் தலையை ஆட்டினேன். எங்கள் கிளினிக்கில் ஆறு தவணை என்றால், ஒன்று கட்டியதும் ஆறில் ஒன்று தீர்ந்தது. வங்கியும் பல் வைத்தியம் மாதிரிதான் என்று நினைத்துவிட்டேன். மூன்று ஞாயிற்றுக்கிழமை முட்டி போட்டு, வெள்ளையைச் சுரண்டி எடுத்து நீலத்தை அடைத்தார். சமையலறை, பால்கனி, குளியலறை, நடைவழி, அதைத் தாண்டி ஹாலுக்குள் முப்பது டைல்ஸ். ஹாலுக்குள் நீலம் நுழைந்த அன்று நாங்கள் மூன்று பேரும் அதன் மேல் வரிசையாக நின்று போட்டோ எடுத்துக்கொண்டோம். எல்லோர் முகத்திலும் அப்படி ஒரு பெருமை.

அடுத்த மாதம் வங்கியிலிருந்து வருடக் கணக்கு வந்தது. அதுவரை பிரித்துக்கூடப் பார்க்காததை அன்று பிரித்தேன். பாக்கி என்று போட்டிருந்த தொகையைப் பார்த்ததும் யாரோ ஒரு எண்ணைத் தப்பாக அடித்துவிட்டார்கள் என்று முடிவு கட்டினேன். மதிய இடைவேளையில் நேரே வங்கிக்குப் போய், கடன் பிரிவில் இருந்த தம்பி முன்னால் தாளை வைத்தேன். ஒரு கை பார்த்துவிடுவது என்றுதான் போனேன். பாவம், அந்தத் தம்பி ரொம்பப் பொறுமைசாலி.

"தப்பு இல்லக்கா. தவணை வந்ததும் மொதல்ல வட்டிய எடுத்துக்குவோம். மிச்சம்தான் அசல்ல கழியும். ஆரம்பத்துல அசல் பெருசு, அதனால வட்டியும் பெருசு. போகப் போக அசல் வேகமா கழியும்."

"போகப் போகன்னா எப்போ?"

"கடைசி வருஷங்கள்ல நல்லா வேகமா போகும்க்கா."

"அந்த வயசுல எல்லாமே வேகமாத்தான் போகும் தம்பி" என்று சொல்லிவிட்டு வந்தேன்.

சாயங்காலம் இவர் அந்தத் தாளைத் திருப்பிப் போட்டு, காதில் செருகியிருந்த பென்சிலால் கணக்குப் போட்டார். முகம் மாறிக்கொண்டே வந்தது.

"மாசம் நாலு டைல்ஸுக்கு மேலேயே காசு குடுத்திருக்கோம். மொத மாசம் நமக்கு வந்தது முக்கால் டைல்."

"மிச்சம்?"

"வட்டி."

"சரி, அஞ்சு வருஷத்துக்கும் சேத்து எவ்ளோ நம்மளுது?"

எழுந்து போனார். குளியலறைக் கதவைத் திறந்து விளக்கைப் போட்டார்.

"இது."

"இது சரி. அப்புறம்?"

"அப்புறம் ஒன்னும் இல்ல. இது மட்டும்தான். அம்பத்தினாலு."

எனக்கு அழுகை வர வேண்டிய இடம் அது. வந்தது சிரிப்பு. வயிறு வலிக்கச் சிரித்தேன். என்னைப் பார்த்து அவருக்கும் பற்றிக்கொண்டது. ஐந்து வருடம் சம்பாதித்து வாங்கிய அந்த அறையின் ஈரத் தரையிலேயே உட்கார்ந்தோம்.

"இருபது வருஷமும் இப்படியே கட்டினா மொத்தம் எவ்ளோ?" என்று கேட்டேன்.

"நானூத்தி எண்பதுக்குக் கடன் வாங்கி, ஆயிரத்து முப்பத்தாறுக்குக் கட்டுவோம்."

"அப்போ நமக்கு வாங்குன எடத்தவிட, வங்கிக்கு நாம வாங்கித் தர்ற எடம் பெருசா?"

"சமையக்கட்டு அளவுக்குப் பெருசு" என்றார். மறுபடி சிரித்தோம். மகள் வந்து எட்டிப் பார்த்துவிட்டு, கதவைச் சாத்திக்கொண்டு போய்விட்டாள்.

அதோடு விட்டாரா என்றால் இல்லை. அடுத்த ஞாயிறு உளியை எடுத்துக்கொண்டு ஹாலில் முட்டி போட்டார். அடித்த நீலத்தைச் சுரண்டிக்கொண்டிருந்தார்.

"என்ன பண்றீங்க?"

"அறுபத்தாறு டைல் நம்மளுது இல்ல. வங்கி டைல்ஸுல நம்ம கலர் இருக்கக் கூடாது."

"வங்கி என்ன வந்து குனிஞ்சு பாக்கப் போகுதா?"

"நான் பாப்பேன்ல" என்றார். சொல்லிப் பிரயோஜனம் இல்லை. கோணலாக எதையும் விடத் தெரியாத மனுஷர். நடைவழியும் ஹாலும் மறுபடி வெள்ளையாகிவிட்டன.

அதற்குப் பிறகு எங்கள் வீடு வீடாக இல்லை. பெருக்கச் சொன்னால் மகள் நீலத்தை மட்டும் பெருக்கிவிட்டு, "மிச்சத்த வங்கி பெருக்கட்டும்" என்பாள். ஹாலில் நின்று இவர் குரலை உயர்த்தினால், "அடுத்தவங்க எடத்துல நின்னு கத்தாதீங்க, சண்டைன்னா பாத்ரூமுக்கு வாங்க" என்பேன். அங்கே இருவரும் நின்றால் கையை வீசிப் பேச இடம் இருக்காது. சண்டை தானாகவே நீர்த்துப்போகும். என் நாத்தனார் வந்திருந்தபோது விஷயத்தைக் கேட்டாள். கேட்டவள் ஹால் நாற்காலியிலிருந்து எழுந்து, டீக் கோப்பையோடு சமையலறைக்குப் போய் நின்றுகொண்டாள். "எதுக்கு அண்ணி வம்பு, நம்ம எடத்துலயே குடிக்கறேன்" என்றாள்.

மாதாமாதம் தவணை போகிற அன்று நடைவழியில் ஒரு டைலைச் சுற்றி நீலம் அடைப்பது இவருக்கு வழக்கமாயிற்று. இப்போது வட்டி போக மாதம் ஒரு டைலுக்குக் கொஞ்சம் மேல் கழிந்துகொண்டிருந்தது. அடைத்துவிட்டுச் சுவரைப் பிடித்துக்கொண்டு எழுவார். பிறகு சுவரையும் என் தோளையும் பிடித்தார். ஒரு மாதம் எழவே இல்லை.

"எந்திரிங்க."

"இரு. காயுதான்னு பாக்கறேன்."

காய்வதைப் பார்க்கவில்லை என்று எனக்குத் தெரியும். இருபத்தைந்து வருடம் அடுத்தவர் தரையில் முட்டி போட்ட கால் அது. டாக்டர் படம் எடுத்துப் பார்த்துவிட்டு, தரை வேலையைப் பாதியாகக் குறைக்கச் சொன்னார். பாதி வேலை என்றால் பாதிக் கூலி. தவணைக்கு எங்கே போவது? எனக்கு முதல் தடவையாகப் பயம் வந்தது. கடனைப் பற்றி அல்ல, அந்த முட்டியைப் பற்றி.

என்னிடம் சொல்லாமல் இவரே வங்கிக்குப் போன் செய்து, தவணையைக் குறைக்க வழி உண்டா என்று கேட்டிருக்கிறார். உண்டு, இன்னும் பத்து வருடம் நீட்டிக்கொண்டால் போதும், கையெழுத்து வாங்க வருகிறேன் என்றிருக்கிறார் அதே தம்பி. சனிக்கிழமை ஃபைலோடு வந்துவிட்டார்.

"உக்காருங்க தம்பி, உங்க எடம்தான்" என்று ஹால் நாற்காலியைக் காட்டினேன். அவருக்குப் புரியவில்லை. மகள் எடுத்துச் சொன்னாள். நீலம் எதுவரை, வெள்ளை எதுவரை என்று அவர் எட்டி எட்டிப் பார்த்தார். சிரிக்கலாமா கூடாதா என்று தெரியாமல் கடைசியில் சிரித்துவிட்டார்.

இவர் முகத்தில் ஒரே சந்தோஷம். "மாசம் முக்கால் டைல் மிச்சம்" என்று சொல்லிக்கொண்டே பேனாவைத் திறந்தார்.

"கையெழுத்துப் போட்டா எந்த வயசு வரைக்கும் கட்டணும் தம்பி?" என்று கேட்டேன்.

"இப்போ சாருக்கு நாப்பத்தஞ்சு. எழுபதுல முடியும்க்கா."

"மொத்தத்துல எவ்ளோ கூடும்?"

தம்பி கைபேசியில் தட்டித் தொகையைச் சொன்னார். இவர் விட்டத்தைப் பார்த்தார். பேனாவை மூடினார்.

"ஒரு ஹால், ஒரு பாத்ரூம்" என்றார்.

"என்ன சார்?"

"மாசம் முக்கால் டைல் கொறைச்சுக்கிட்டு, முடியறதுக்குள்ள ஒரு ஹாலும் ஒரு பாத்ரூமும் கூடுதலா குடுக்கணும். இப்போ மாசம் ஒரு டைல் நம்மளுது ஆகுது தம்பி. இதுல கையெழுத்துப் போட்டா?"

தம்பி மறுபடி தட்டினார். "ஆரம்பத்துல அரை டைல்கூட வராது சார்."

எழுபது வயதில் யாரோ வீட்டுத் தரையில் இவர் தவழ்ந்துகொண்டிருப்பது எனக்குக் கண்ணுக்கு நேராகத் தெரிந்தது. "வேணாம்" என்றேன்.

"அப்போ முட்டி?" என்றார் இவர். அந்த ஆத்திரத்தில்தான் அடுத்த கேள்வி வாயில் வந்தது.

"தம்பி, கொறைக்காம கூட்டினா என்ன ஆகும்?"

"கூட்டினாவா?" அவரிடம் அதுவரை யாரும் அப்படிக் கேட்டிருக்க மாட்டார்கள் போல.

"மாசம் ஒரு டைலுக்கு உண்டான காசு கூடுதலா. நேரா அசலுக்கு. அதுக்கு அபராதம் கிபராதம் உண்டா?"

"உங்க கடனுக்குக் கிடையாதுக்கா." தட்டினார். எண்ணைப் பார்த்தார். அழித்துவிட்டு மறுபடி தட்டினார். "பதினஞ்சு வருஷம் பாக்கி இருக்குல்ல. பத்துக்குள்ள முடிஞ்சிடும்."

"ஒரே ஒரு டைலுக்கா?"

"இப்போ கழியற அசலுக்கு அடுத்த அத்தனை வருஷ வட்டியும் இல்லாம போயிடும்க்கா. இன்னைக்கு ஒரு டைல் முன்னாடியே குடுத்தா, கடைசியில ஏறக்குறைய நாலு டைல் குடுக்க வேண்டியதே இல்ல."

எழுபது எங்கே, ஐம்பத்தைந்து எங்கே. மகள் நீலத்துக்கும் வெள்ளைக்கும் தாவித் தாவிக் குதித்தாள். கூடுதல் டைலுக்குக் காசு எங்கே என்று யாரும் கேட்பதற்குள், "சனிக்கிழமை சாயங்காலமும் ஞாயித்துக்கிழமை காலையும் கிளினிக்குக்குப் போறேன், டாக்டர் ரொம்ப நாளா கூப்பிடறாரு" என்றேன்.

இவர் முட்டியைத் தடவிக்கொண்டார். "நான் சுவர் வேலை எடுத்துக்கறேன்" என்றார். "நின்னுக்கிட்டே பதிக்கலாம்."

இது சாதாரணப் பேச்சு அல்ல. சுவரில் டைல்ஸ் பதிக்கக் கூப்பிட்டவர்களையெல்லாம், "சுவத்துல யாரு நடக்கறா?" என்று கேட்டுத் திருப்பி அனுப்பிய மனுஷர். தரைதான் வேலை, மற்றதெல்லாம் அலங்காரம் என்பார். தரை வேலைக்குக் குறையாத கூலி கிடைக்கும் என்று தெரிந்தும் இத்தனை வருடம் அந்தப் பக்கம் தலை வைத்துப் படுக்கவில்லை. இப்போது வாயால் சொல்லிவிட்டு, குழந்தை மருந்து குடித்த மாதிரி முகத்தை வைத்துக்கொண்டார்.

தம்பி ஃபைலை மூடிக்கொண்டு எழுந்தார். வாசல் வரை போனவர் நின்றார்.

"சார், எனக்கும் ஒரு வீட்டுக் கடன் இருக்கு. எதுவரைக்கும் என்னோடதா இருக்கும்?"

"எத்தனை வருஷம் ஆச்சு?"

"ஒன்னரை."

இவர் அவருடைய ஷூவைப் பரிதாபமாகப் பார்த்தார். "செருப்பு விடற எடம்" என்றார்.

அந்த மாதத் தவணை போன அன்று இரண்டு டைல். இவர் டப்பாவைக் கலக்கிவிட்டு முட்டி போடப் போனார். நான் நடைவழியில் நாற்காலியைக் கொண்டு வந்து வைத்து, "இன்னைக்கு நான்" என்றேன். ஆச்சரியம், உட்கார்ந்துவிட்டார். காலை நீட்டிக்கொண்டு மேலேயிருந்து அதிகாரம் செய்தார். தண்ணீர் அதிகம், கரண்டியைச் சாய்த்துப் பிடி, அவசரப்படாதே, துணியை அழுத்தாதே. முதல் டைல் முடிவதற்குள் என் முட்டி எரிய ஆரம்பித்தது. இரண்டாவதில் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. இரண்டே டைல். இந்த மனுஷர் இருபத்தைந்து வருடம் இப்படி இருந்திருக்கிறார், வீட்டுக்கு வந்து பாட்டு வேறு பாடியிருக்கிறார்.

முடித்துவிட்டுப் பார்த்தால் இரண்டாவது டைலின் நீலக்கோடு ஒரு பக்கம் தடித்து, ஒரு பக்கம் மெலிந்து கிடந்தது.

"கோணலா போச்சு" என்றேன். "நாளைக்குச் சொரண்டி எடுத்துட்டு நீங்களே போட்டுக்கங்க."

அறுபத்தாறு டைலைச் சுரண்டிய ஆள் நாற்காலியிலிருந்து குனிந்து, அந்தக் கோட்டை ரொம்ப நேரம் பார்த்தார்.

"இருக்கட்டும்."

"இருக்கட்டுமா?"

"எது நீ வாங்குன டைல்னு எனக்குத் தெரியணும்ல" என்றார். எழுந்துகொள்ள எனக்குக் கையை நீட்டினார்.