அம்மாவை மறித்த ஆட்டம்

மூன்று வருடங்களுக்கு முன்பு, காணும் பொங்கலன்று நடந்தது இது. கோவில்பட்டியிலிருந்து கழுகுமலை போகிற ரோட்டில் ஒரு ஊர். வருடா வருடம் பொங்கலுக்கு அங்கே பள்ளிக்கூட மைதானத்தில் ஃபுட்பால் டோர்னமென்ட் நடத்துவார்கள். அந்த வருடம் ஃபைனலுக்கு முன்னால் பெண்களுக்கு ஒரு காட்சி ஆட்டமும் வைத்திருந்தார்கள். ஒரு பக்கம் எங்கள் கல்லூரி அணி. இன்னொரு பக்கம் முன்னாள் வீராங்கனைகள்.

எங்கள் பக்கம் ஹாக்கிதான் பெரிது. கையில் ஹாக்கி மட்டையோடு கோவில்பட்டியில் நடந்தால் டீக்கடைக்காரர்கூட "எந்த எடத்துல ஆடுத?" என்று கேட்பார். ஃபுட்பால் ஆடுகிறவர்களை அப்படி யாரும் கேட்பதில்லை. என் அம்மா மட்டும் அதற்கு விதிவிலக்கு. அம்மா இந்தியாவுக்கு ஆடியவள். ஃபார்வர்ட். கடம்பூர் பக்கம் மானாவாரி விவசாயக் குடும்பத்தில் பிறந்து, ஆண்பிள்ளைகளோடு ஆடிப் பழகி, வெளிநாட்டு மைதானங்களில் கோல் போட்டுவிட்டு வந்தவள். விளையாட்டு ஒதுக்கீட்டில் போலீஸ் வேலை கிடைத்து, இப்போது கோவில்பட்டியிலேயே இருக்கிறாள். பஸ்ஸில் ஏறினால் இன்றைக்கும் யாராவது எழுந்து இடம் கொடுப்பார்கள். அது போலீஸ் என்பதற்காகவா, ஃபுட்பாலுக்காகவா என்று அம்மாவுக்கே தெரியாது.

நான் அவளுக்கு ஒரே பிள்ளை. நானும் ஃபுட்பால்தான். ஆனால் ஃபார்வர்ட் இல்லை, ஸ்டாப்பர். அதாவது கோல்கீப்பருக்கு முன்னால் நின்று வருகிறவர்களை மறிக்கிற ஆள். எட்டாம் வகுப்பு படிக்கும்போதே என் உயரத்தைப் பார்த்து பி.டி. சார் என்னைப் பின்னால் நிறுத்திவிட்டார். எனக்கு அதில் உள்ளூர நிம்மதிதான். அம்மா ஆடிய இடத்தில் ஆடினால்தானே அம்மாவோடு ஒப்பிடுவார்கள் என்று நினைத்தேன். அப்படியும் ஒப்பிட்டார்கள். நன்றாக ஆடினால் "ரத்தத்துல இருக்குல்லா" என்பார்கள். சொதப்பினால் "அவிய மாதிரி வருமா?" என்பார்கள். இரண்டையும் கேட்டுக் கேட்டு எனக்குக் காது மரத்துப் போயிருந்தது.

அந்த ஆட்டம் எனக்கு முக்கியமாக இருந்ததற்குக் காரணம் உண்டு. பெண்களுக்கான தொழில்முறை லீகில் ஆடுகிற ஒரு கிளப்பின் கோச், ஒரு அம்மையார், சென்னையிலிருந்து வந்திருந்தார். ஷாமியானாவுக்குக் கீழே முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். நான் கடைசி வருடம் படித்துக்கொண்டிருந்தேன். அந்த வருடம் எந்தக் கிளப்பும் கூப்பிடவில்லையென்றால் ஆட்டத்தை விட்டுவிட்டு பி.எட். சேர வேண்டும் என்று அப்பா சொல்லியிருந்தார். அப்பா தீப்பெட்டி ஆபீஸில் மேனேஜர். கத்திப் பேசுகிற ஆள் இல்லை. ஆனால் ஒரு தடவை சொன்னால் சொன்னதுதான்.

அம்மா அன்றைக்குச் சிறப்பு விருந்தினர். கைகொடுத்து, முதல் பந்தைத் தட்டிவிட்டு, மாலையோடு போய் சேரில் உட்கார்ந்துவிட்டாள். முதல் பாதியில் எனக்குப் பெரிய வேலையே இல்லை. முன்னாள் வீராங்கனைகள் கொஞ்ச நேரத்திலேயே மூச்சு வாங்க ஆரம்பித்தார்கள். நாங்கள் ஒரு கோல் முன்னால் இருந்தோம். கோச் பார்க்கும்படி எதையும் நான் செய்யவில்லையே என்று எனக்குக் கவலையாக இருந்தது.

இடைவேளை முடிந்து உள்ளே போனபோது மைக்கில் விழாவை நடத்துகிற அண்ணாச்சியின் குரல் கேட்டது. "இப்போ நீங்க எல்லாரும் எதிர்பாத்துக்கிட்டிருந்த..." மீதி காதில் விழவில்லை. கூட்டம் எழுந்து நின்று கத்தியது. திரும்பிப் பார்த்தால், யாருடைய ஜெர்சியையோ போட்டுக்கொண்டு, யாருடைய பூட்ஸையோ மாட்டிக்கொண்டு அம்மா கோட்டுக்கு வெளியே நின்று கணுக்காலைச் சுழற்றிக்கொண்டிருந்தாள்.

எனக்கு முதலில் வந்தது எரிச்சல். இன்றைக்குப் பார்த்தா என்று தோன்றியது. பிறகு, ஒருவேளை என்னைக் கோச்சின் கண்ணில் படவைக்கத்தான் இறங்குகிறாளோ, நான் தடுக்கிற மாதிரி ஒன்றிரண்டு பந்தை விட்டுத்தருவாளோ என்றும் தோன்றியது. அந்த நினைப்பு இன்னும் எரிச்சலாக இருந்தது.

முதல் பந்து அம்மாவுக்கு வந்தபோது அவள் முதுகு என் பக்கம் இருந்தது. அடுத்து என்ன செய்வாள் என்று எனக்குத் தெரியும். இடது தோளைச் சாய்த்து அந்தப் பக்கம் போவதுபோல் காட்டி வலது பக்கம் திரும்புவாள். எங்கள் வீட்டுச் சந்தில் எத்தனையோ சாயங்காலம் என்னிடம் செய்து காட்டியதுதான். தோள் சாய்ந்தது. தெரிந்தும் நான் இடது பக்கம் போனேன். அம்மா வலது பக்கம் போய்விட்டாள். நான் திரும்பிப் பார்க்கும்போது பந்து வலைக்குள் கிடந்தது.

கூட்டம் துண்டை வீசியது. நான் ஷாமியானாவைப் பார்த்தேன். கோச் பக்கத்தில் இருந்தவரிடம் ஏதோ சொல்லிச் சிரித்தார்.

எங்கள் கோல்கீப்பர் என் வகுப்புத் தோழி. கையுறையால் என் முதுகில் ஒன்று வைத்தாள்.

"ஏட்டி, அம்மான்னு பாத்துக்கிட்டு நிக்காத. பந்தப் பிடுங்கு."

"அம்மான்னு எங்க பாத்தேன்? பிடுங்கத்தான் பாக்கேன், மாட்டேங்குது."

அடுத்து இரண்டு தடவை அம்மா என்னைத் தாண்டிப் போனாள். ஒரு தடவை பந்து என் இரண்டு கால்களுக்கு நடுவிலேயே போனது. எனக்குச் சாதகமாக அவள் எதையும் விட்டுத்தரவில்லை என்பது அப்போதே தெளிவாகிவிட்டது. முகத்தைப் பார்த்தேன். வீட்டில் பார்க்கிற முகம் இல்லை. என்னைப் பார்க்கவே இல்லை. பந்தை மட்டும் பார்த்தாள்.

நான்காவது தடவை நடு மைதானத்திலிருந்து நீளமாக ஒரு பந்து வந்தது. அம்மா ஓடி வந்தாள். நான் தோளைப் பார்ப்பதை விட்டுவிட்டு அவளைப் போலவே பந்தை மட்டும் பார்த்தேன். பந்து அவள் காலைவிட்டு ஒரு சாண் தள்ளிப் போன நேரத்தில் சறுக்கிப் போய்த் தட்டிவிட்டேன். பந்துதான் முதலில் என் காலில் பட்டது. அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. பந்து கோட்டைத் தாண்டி ஓடியது. அம்மா என் மேல் தடுக்கி விழுந்தாள். மார்கழி முழுக்க மழை இல்லாததால் மைதானத்தின் ஓரம் கரிசல் வெடித்துக் கிடந்தது. அவள் பூட்ஸ் அந்த வெடிப்பில் மாட்டிக்கொண்டது. உடம்பு திரும்பியது, கால் திரும்பவில்லை. காய்ந்த சோளத்தட்டையை ஒடிக்கிற மாதிரி ஒரு சத்தம் கேட்டது.

ரெஃப்ரி ஃபவுல் கொடுக்கவில்லை. த்ரோ என்று கையைக் காட்டிவிட்டு, அதற்குப் பிறகுதான் அம்மாவிடம் ஓடினார்.

கூட்டத்தில் பல பக்கத்திலிருந்தும் பேச்சு வந்தது. "பெத்த தாயப் போயி இப்படிச் செய்வாளா?" என்று ஒரு பெண் குரல் தெளிவாகக் கேட்டது. சித்தி, அம்மாவின் தங்கை, சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு மைதானத்துக்குள் ஓடி வந்து என் தோளில் அறைந்தாள்.

"கிறுக்கி! கால ஒடிச்சிட்டியேட்டி!"

அம்மாவின் முகம் வெளுத்திருந்தது. உதட்டைக் கடித்துக்கொண்டிருந்தாள். அழவில்லை. விழா அண்ணாச்சி கையைப் பிசைந்துகொண்டு, "ஆட்டத்த இத்தோட நிப்பாட்டிருவோம்க்கா" என்றார்.

"எதுக்கு நிப்பாட்டணும்? எனக்குப் பதிலா ஒரு ஆள எறக்குங்க அண்ணாச்சி."

மைதானத்தின் ஓரத்தில் நின்ற ஆம்புலன்ஸில் அம்மாவைத் தூக்கி வைத்தார்கள். சித்தி ஏறினாள். நானும் ஏறப் படியில் கால் வைத்தேன். அம்மா தலையைத் தூக்கிப் பார்த்தாள்.

"நீ எங்கட்டி வார? ஆட்டம் முடிஞ்சிட்டா?"

"இல்லம்மா, நான்..."

"பெறகு என்ன? சித்தி இருக்கால்லா. நீ போ."

நான் காலை எடுத்துவிட்டேன். ஆம்புலன்ஸ் புழுதியைக் கிளப்பிக்கொண்டு ரோட்டில் ஏறியது. நான் திரும்பி மைதானத்துக்குள் நடந்தபோது கூட்டத்தில் சிலர் வாய்விட்டே திட்டினார்கள்.

ஆம்புலன்ஸ் படியிலிருந்து ஏன் இறங்கினேன் என்று பலர் கேட்டிருக்கிறார்கள். அம்மா சொன்னாள் என்பது ஒரு காரணம். கோச் உட்கார்ந்திருந்தார் என்பதும் காரணம்தான், இல்லையென்று சொல்ல மாட்டேன். இன்னொன்றும் உண்டு. வண்டிக்குள் போயிருந்தால் அந்தக் காலைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டும். மைதானத்தில் செய்வதற்கு வேலை இருந்தது.

மீதி நேரம் எப்படி ஆடினேன் என்பது துண்டு துண்டாகத்தான் நினைவிருக்கிறது. எங்கள் பெண்கள் பயந்துபோயிருந்தார்கள். இரண்டு பேர் அழுதுகொண்டே ஆடினார்கள். நான் ஒவ்வொருத்தியாகப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு இங்கன நில், அங்கன போ என்று கத்திக்கொண்டே இருந்தேன். கார்னரிலிருந்து வந்த ஒரு பந்தைத் தலையால் வெளியே தள்ளியது ஞாபகம் இருக்கிறது. ஆட்டம் ஒன்றுக்கு ஒன்று என்று சமமாக முடிந்தது.

விசில் அடித்ததும் பையைத் தேடி ஓடினேன். கோச் எதிரே வந்தார்.

"அடுத்த மாசம் கேம்ப் இருக்கு. வர்றியா?"

அவரே தொடர்ந்தார். "பாதி ஆட்டத்துல ஒரு போன் வந்துச்சு, எந்திரிச்சுப் பின்னாடி போயிட்டேன். திரும்பி வந்து பாக்குறேன், ஆம்புலன்ஸ் கெளம்புது. டீமே கலைஞ்சு நின்னுச்சு. நீதான் அவங்களச் சேத்துப் பிடிச்ச. அதத்தான் பாத்தேன். ஆமா, அடிபட்டது யாரு?"

"எங்க அம்மா, மேடம்."

அவர் என்னை ஒரு மாதிரி பார்த்தார். "அப்ப இங்க என்ன பண்ற? முதல்ல போ" என்றார். போன் நம்பர்கூட வாங்கிக்கொள்ளவில்லை. பிறகு அண்ணாச்சியிடம் வாங்கிப் பேசினார்.

அம்மாவின் காலை ஒடித்துத்தான் கிளப்பில் இடம் பிடித்தேன் என்று இன்றும் சொல்கிறவர்கள் ஊரில் இருக்கிறார்கள். நான் சறுக்கிப் போய்ப் பந்தைத் தட்டிய அந்த டேக்கிளைக் கோச் பார்க்கவே இல்லை என்றால் யாரும் நம்புவதில்லை.

தோழியின் அண்ணன் பைக்கில் கோவில்பட்டி ஆஸ்பத்திரிக்குப் போனேன். ஜெர்சியெல்லாம் புழுதி. அம்மா கட்டிலில் இருந்தாள். அப்பா தலைமாட்டில் நின்றார். என்னைப் பார்த்துவிட்டு முகத்தைத் திருப்பிக்கொண்டார். இளவயது டாக்டர் ஒருவர் எக்ஸ்ரேயை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"எப்படிம்மா விழுந்தீங்க?"

"நானா விழல சார். டிஃபெண்டர் வந்து பந்த எடுத்தா. நல்ல டேக்கிளு. என் பூட்ஸ்தான் வெடிப்புல மாட்டிக்கிட்டு."

"எலும்பு ரெண்டு எடத்துல போயிருக்கு. இதுவா நல்ல டேக்கிள்? நீங்க போலீஸ்தானே, அந்தப் பொண்ணு மேல கேஸே போடலாம்."

அம்மா வலியோடு சிரித்தாள். "அந்தப் பொண்ணு அங்கன நிக்கா பாருங்க. என் மகதான்."

டாக்டர் எக்ஸ்ரேயைக் கீழே இறக்கிவிட்டு என்னைத் திரும்பிப் பார்த்தார். அப்போதுதான் எனக்கு அழுகை வந்தது. அதுவரை வரவில்லை.

திருநெல்வேலியில் ஆபரேஷன் செய்து தகடு வைத்தார்கள். அப்பா ஒரு வாரம் என்னோடு பேசவில்லை. டேக்கிளுக்காக இல்லை. வண்டியிலிருந்து இறங்கிப் போனதற்காக. கேம்ப்புக்குக் கிளம்புகிற அன்றைக்கு அவரே பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஸ்டேஷனுக்கு வந்தார். அதைப் பற்றி அன்றும் பேசவில்லை, பிறகும் பேசவில்லை.

கிளம்புவதற்கு முன்னால் அம்மாவிடம் கேட்டேன். "அன்னைக்கு நீ எதுக்கும்மா எறங்குன? எனக்காகவா?"

அம்மா கட்டுப்போட்ட காலை ஸ்டூலில் நீட்டி வைத்துக்கொண்டு உளுந்து புடைத்துக்கொண்டிருந்தாள். கேள்வியே அவளுக்குப் புரியவில்லை போலிருந்தது.

"உனக்காகவா? உக்காந்து பாக்க முடியலட்டி. மைதானத்தப் பாத்ததும் காலு துறுதுறுன்னு வந்துட்டு. எத்தன வருசம் ஆச்சு."

"அந்த கோச் பாத்துக்கிட்டிருந்தாங்களே. என்னைய அந்தப் பாடு படுத்துனியே."

"நெசமாச் சொல்லுதேன், அந்நேரம் நீ என் மகங்கிறதே ஞாபகம் இல்ல. மூணு தடவ ஏமாந்தவ நாலாவது தடவையும் ஏமாறுவான்னு நெனச்சேன். நீ ஏமாறல."

சொல்லிவிட்டுச் சுளகை ஆட்டினாள்.

அவள் இறங்கியது என்னைக் கெடுக்கவா, தூக்கிவிடவா என்று அன்று முழுக்க நான் யோசித்திருந்தேன். எல்லாவற்றிலும் என்னையே நடுவில் வைத்துப் பார்த்திருக்கிறேன். அவளுக்கு ஆட வேண்டும்போல் இருந்தது, ஆடினாள். அவ்வளவுதான் விஷயம்.

இப்போது நான் அந்தக் கிளப்பில் மூன்றாவது சீசன் ஆடுகிறேன். முதல் வருடம் பாதி நாள் பெஞ்சில்தான். மழைக்காலத்தில் அம்மாவுக்குக் கால் வலிக்கிறது. மாடிப்படியில் பக்கவாட்டாகத்தான் இறங்குகிறாள். கல்யாண வீடுகளில் யாராவது அந்த நாளைப் பற்றிக் கேட்டால் உற்சாகமாகச் சொல்வாள். ஒவ்வொரு தடவை சொல்லும்போதும் அவள் என்னைத் தாண்டிப் போன எண்ணிக்கை கூடிக்கொண்டே போகிறது. நான் திருத்துவதில்லை.

வெளியூரில் ஆடப் போனால் என்னை இன்னாரின் மகள் என்றுதான் அறிமுகப்படுத்துகிறார்கள். முன்பு போல் அது உறுத்துவதில்லை. அந்தப் பொங்கலன்று கொஞ்ச நேரம் நாங்கள் இரண்டு பேரும் தாயாகவும் மகளாகவும் இல்லாமல் வெறும் ஆட்டக்காரர்களாக ஒரே மைதானத்தில் எதிரெதிரே நின்றோம். அம்மாவால் இனி ஓட முடியாது என்பதால் அப்படி ஒரு நேரம் எங்களுக்கு மறுபடி வரப்போவதில்லை, அதனாலேயே அந்த நாளின் வலியைவிட அந்த ஆட்டம்தான் எனக்கு அதிகம் நினைவில் நிற்கிறது.