ரொக் அண்ட் ரோலை மறித்த மேடைப்படி

கிற்றார்க் கம்பியை அழுத்திய விரல் நுனியில் துருவும் சவர்க்காரமும் கலந்த ஒரு மணம் ஒட்டிக்கொண்டே இருக்கும். இரண்டாயிரங்களின் நடுப்பகுதி அது. கனடாவின் மொன்ட்ரியால்-நோர் பகுதியில் எங்கள் அடுக்குமாடியின் அடித்தளத்தில், உடுப்புத் தோய்க்கும் இயந்திரங்களுக்கு நடுவேதான் நானும் மேல்மாடி ஹெயிட்டிப் பெடியன் வில்னரும் ஒரு குளிர்காலம் முழுக்க வாசித்துப் பழகினோம்.

எங்கள் வீட்டில் உயர்பள்ளிப் படி மிதித்த முதலாள் நான். பருத்திக் காட்டில் முதுகொடிந்த கறுப்பர்களின் புளூசும், ஏழை வெள்ளைக் குடியானவர்களின் கன்ட்ரிப் பாட்டும் கலந்துதான் ரொக் அண்ட் ரோல் பிறந்தது என்று இசைப்பாடத்தில் கேட்டதை வேதவாக்காகப் பிடித்துக்கொண்டேன். எங்கள் தமிழ்க் கத்தோலிக்கப் பங்கின் கலைவிழாவில் அதைச் சனத்துக்கு வாசித்தே காட்டுவதென்று தீர்மானித்தோம்: வில்னர் புளூஸ், நான் கன்ட்ரி, பேந்து இரண்டும் ஒன்றாக, இடையிடையே நான் தமிழில் விளக்கம்.

விழாவுக்குப் பொறுப்பு அல்போன்ஸ் மாமா. சொந்த மாமா இல்லை, ஊர்முறை மாமா. மடிப்புக் கலையாமல் மினுக்கிய வெள்ளைச் சட்டையோடு வில்னர் மேடைப்படியில் கால் வைக்க, அவர் கையை நீட்டி மறித்தார்.

"தம்பி, நீர் ஏறும். உந்தக் 'காப்பிலி' கீழ நிக்கட்டும். இது எங்கட சனத்தின்ர மேடை."

கறுப்பர்களை இழிவுபடுத்த எங்கள் ஆட்கள் ஊரிலிருந்து மறக்காமல் கொண்டுவந்த சொல் அது. ஏறினால் இரண்டு பேரும் ஏறுவோம் என்றேன். அப்படியென்றால் ஒருத்தரும் வேண்டாம் என்றுவிட்டு, மைக்கைப் பிடித்து அடுத்த நிகழ்ச்சியாகப் பைலா ஆட்டப்பாட்டை அறிவித்தார். பக்கத்தில் நின்ற அப்பா, "பெரியாக்கள் சொன்னாக் கேக்க வேணும்" என்றார்.

மண்டபமே எழும்பி கைலேஞ்சித் துண்டை வீசி ஆடியது. போர்த்துக்கேயர் இலங்கைக்குக் கொண்டுவந்த ஆபிரிக்கர்களின் தாளம் பைலாவுக்குள் இருக்கிறது என்பது அங்கே ஆடிய ஒருவருக்கும் தெரியாது. தெரிந்திருந்தாலும் வெட்கப்பட்டிருக்க மாட்டார்கள்.

என்ன சொன்னார் என்று வில்னர் பிரெஞ்சில் கேட்டான். ஒரு சொல் விடாமல் சொன்னேன். அவன் ஆடுகிறவர்களைக் கொஞ்ச நேரம் பார்த்தான். "கை ஆடுது, காலுக்கு என்ன நடந்தது?" என்று கேட்டுவிட்டுக் கிற்றாரை உறையில் போட்டான். அதற்குப் பிறகு அவன் அடித்தளத்துக்கு வரவில்லை. கோடையில் அவர்கள் வீடும் மாறிப் போனார்கள்.

அந்த அடித்தள அறையை இப்போது பூட்டிவிட்டார்கள். இயந்திரங்கள் அவரவர் வீட்டுக்குள் வந்துவிட்டன. போன மாதம் அல்போன்ஸ் மாமா தொலைபேசியில் கூப்பிட்டார். நான் படித்த பிள்ளையாம், இந்த வருட விழாவில் மேற்கத்திய இசையைப் பற்றி நாலு வார்த்தை பேச வேண்டுமாம், பிள்ளைகள் இப்போது அதைத்தான் விரும்புகிறார்களாம். மாட்டேன் என்றேன். பழசுகளை மனதில் வைக்கக் கூடாது என்றார். வில்னரும் வந்தால் வருகிறேன் என்றேன். யார் அது என்று கேட்டார்.