ஆர்மோனியம் வாசித்தவர்

நாடக மேடையின் பக்கவாத்தியக் குழுக்களைப் பற்றி ஆறு வருடம் ஆராய்ச்சி செய்தேன். விருதுநகரில் கல்லூரி வேலை, வீடு, இரண்டு பிள்ளைகள், எல்லாவற்றுக்கும் நடுவில்தான். திருவிழா நாடக நோட்டீஸ்களை ஊர் ஊராகத் தேடிச் சேர்த்தேன். யார் எந்த வேஷம், யார் ஆர்மோனியம், யார் மிருதங்கம் என்று போட்டோவோடு அச்சடித்திருப்பார்கள். என் ஆய்வேட்டின் நான்காவது அத்தியாயம் முழுக்க ஒரே ஆர்மோனியக் கலைஞரைப் பற்றியது. அடர்ந்த மீசை, நெற்றி நிறையத் திருநீறு. அவர் விரல்கள் கட்டைகளின் மேல் இருக்கும் தோரணைக்கு மட்டும் இரண்டு பக்கம் எழுதியிருந்தேன். நேரில் போய்ப் பார்த்திருக்கலாம். நோட்டீசும் பழைய ஒலிப்பதிவுகளும் போதும் என்ற மிதப்பு எனக்கு.

ஆய்வேட்டைக் கொடுத்தாயிற்று. வாய்மொழித் தேர்வுக்குப் பத்து நாள் இருக்கும்போது, திரையில் காட்டுவதற்காக நோட்டீஸ்களை ஸ்கேன் எடுக்க, அவற்றை அச்சடித்த திருத்தங்கல் அச்சகத்துக்கே போனேன். முதலாளி ஒன்றைக் கையில் வாங்கிப் பார்த்துவிட்டுச் சிரித்தார்.

“டீச்சர், இவரு நம்ம கம்பெனி பைண்டருல்ல! ஆர்மோனியக்காரவுக போட்டோ வரலேன்னா இவரைத்தான் போடுவோம்.”

“அப்ப வாசிச்சது யாரு?”

“அவுக பொம்பள ஆர்ட்டிஸ்டு. காரியாபட்டிக்காரவுக. புருசன் வீட்டுல ஏசுவாகன்னு பேருக்குப் பதிலா ஊரை மட்டும் போடச் சொல்லுவாக, போட்டோவும் தர மாட்டாக.”

புத்தகம் தைக்கிற மனிதரின் விரல்களுக்கா இரண்டு பக்கம்!

என் நெறியாளர், “இப்ப வாயைத் தொறக்காதீக. பட்டம் கைக்கு வரட்டும், பெறகு மாத்திக்கிடலாம்” என்றார். ஆறு வருட உழைப்பு வீணாகிவிடுமோ என்று எனக்கும் பயம்தான். ஆனால் ஒரு பெண்ணின் வாசிப்பை மீசைக்காரருக்கு எழுதிக் கொடுத்துவிட்டு டாக்டர் என்று போட்டுக்கொள்ள மனசு வரவில்லை.

மறுநாளே காரியாபட்டிக்குப் பஸ் ஏறினேன். அந்த அம்மாவுக்கு அறுபது வயது இருக்கும். திட்டுவார் என்று நினைத்தேன். பைண்டர் கதையைக் கேட்டதும் கண்ணில் நீர் வரச் சிரித்தார். “இனிமே என்னைய ஏசுறதுக்கு யாரு இருக்கா? நாந்தான்னு எழுதுங்க” என்றார். தேர்வுக்கு யார் வேண்டுமானாலும் வரலாம், கேள்வியும் கேட்கலாம் என்று சொல்லிவிட்டு வந்தேன்.

தேர்வன்று முதல் வேலையாக, நான்காம் அத்தியாயத்தில் ஆளே தப்பு என்று சொல்லிவிட்டேன். நெறியாளர் தலையைக் குனிந்துகொண்டார். வெளியூரிலிருந்து வந்த தேர்வாளர் கண்ணாடியைக் கழற்றினார்.

“ஆளே தப்புன்னா மீதியை எப்படி நம்புறது?”

இசையைப் பற்றி எழுதியதெல்லாம் ஒலிப்பதிவைக் கேட்டுத்தான் என்று சொல்லி ஒரு பத்தியை வாசித்தேன். பாட்டுக்கு நடுவில் சுருதியை அரைக்கட்டை இறக்கிச் சோகத்தை ஆழமாக்கியது இந்தக் கலைஞரின் புதுமை என்று அதில் எழுதியிருந்தேன்.

“நான் ஒண்ணு பேசலாமா?” என்று பின்வரிசையில் ஒரு குரல் கேட்டது. பட்டுச்சேலையில் அந்த அம்மா எழுந்து நின்றார்.

“சுதியை எறக்குனது நாந்தான். இவுக சரியாத்தான் கேட்டிருக்காக. ஆனா புதுமையும் இல்ல, ஒண்ணும் இல்ல. அன்னைக்கு ராஜபார்ட் வேசம் கட்டுனவருக்குத் தொண்டை கட்டிப்போச்சு. ஊரு முன்னாடி மனுசன் அசிங்கப்படக் கூடாதுல்ல? பாட்டுக்கு நடுவுல கொஞ்சம் கூடுதலா வாசிச்சு, அதுக்குள்ள அஞ்சு கட்டையிலருந்து நாலரைக்கு எறக்கிட்டேன். அவரு பாடி முடிச்சிட்டாரு. கேட்டுக்கிட்டிருந்த ஒருத்தருக்கும் தெரியல. டீச்சர்தான் கண்டுபிடிச்சிட்டாக.”

தேர்வாளர் அவரை முன்வரிசைக்கு அழைத்தார். அடுத்த அரை மணி நேரம் கேள்வியெல்லாம் அவருக்குத்தான். தேர்வு எனக்கு என்பதே எல்லோருக்கும் மறந்துபோயிற்று. எந்த நடிகர் எங்கே மூச்சு வாங்குவார், யார் தாளம் விடுவார், அப்போது வாத்தியக்காரர்கள் எப்படித் தாங்கிப் பிடிப்பார்கள் என்று சொல்லிக்கொண்டே போனார். நான் நின்றபடியே நோட்டில் எழுதிக்கொண்டிருந்தேன். இவரை வரச் சொன்னவள் நான் என்று எனக்கு அவ்வளவு பெருமை.

அத்தியாயத்தைத் திருத்திக் கொடுக்க வேண்டும், பட்டத்துக்குப் பரிந்துரைக்கிறோம் என்று அறிவித்தார்கள். எல்லோரும் கைதட்டினார்கள். அந்த அம்மா தனக்குத்தான் என்று நினைத்து எழுந்து, அரங்கைப் பார்த்துக் கும்பிட்டார். நோட்டைக் கீழே வைத்துவிட்டு நானும் தட்டினேன்.