எருமைக் கொட்டிலுக்குப் போன கோழிக்கறி

மக்களை வீட்டிலிருந்து வெகுதூரம் கூட்டிக்கொண்டு போய், அங்கே அவர்களுடைய வீட்டையே தேடிக் கொடுப்பதுதான் சுற்றுலாக் குழு அழைத்துப் போகும் தொழில். கோயில் பேருந்துக்கு ஆள் சேர்த்தவர்களும், சொந்தக்காரர்களை லங்காவித் தீவுக்கு அழைத்துப் போய்விட்டு வந்து பாதிப் பேரோடு பேசாமல் இருப்பவர்களும் இதை உடனே புரிந்துகொள்வார்கள். மற்றவர்களுக்குக் கொஞ்சம் விளக்கிச் சொல்கிறேன். பல ஆண்டுகள் சிறுவர் பக்கம் எழுதிய கை இது. ஒன்றையே இரண்டு முறை சொல்ல எனக்குச் சலிப்பில்லை.

எங்கள் அலுவலகம் கோல சிலாங்கூரில் ஒரு கடைவீட்டு மாடியில் இருக்கிறது. வியட்நாமின் வடக்கு மலைக்கு நான்கு நாள் பயணம் நடத்துகிறோம். மலைக்கிராமம், படிப்படியாக இறங்கும் நெல்வயல், ஒரு கிராமத்து வீட்டில் மதியச் சாப்பாடு. இருபது பேரை ஏற்றிக்கொண்டு போய், அதே இருபது பேரைத் திருப்பிக் கொண்டுவருவது என் வேலை. அதே இருபது பேராக இருக்க வேண்டும் என்பதுதான் இதில் வருத்தம்.

பாதி சைவம்

அந்த மலை வயல்கள் பொன்னிறமாவது செப்டம்பர் கடைசியில். நமக்கு அது புரட்டாசி. வயல் படத்தைப் பார்த்து மயங்கிப் பதிவு செய்த இருபது பேரும், பதிவு முடிந்த பிறகு ஒருவர் பின் ஒருவராகத் தொலைபேசியில் கூப்பிட்டார்கள். "புரட்டாசி மாசம் பாருங்க, நாங்க சைவம்" என்றார்கள். நாள்காட்டி எல்லார் வீட்டுச் சுவரிலும் தொங்குகிறது. பதிவு செய்யும்போது மட்டும் யாரும் அதைப் பார்ப்பதில்லை.

முதலாளியிடம் போய், சாப்பாடு முழுச் சைவமாக வேண்டும் என்று அந்த ஊர் அலுவலகத்துக்குச் சொல்லிவிடுங்கள் என்றேன். சொல்லியாகிவிட்டது என்றார். என்ன சொன்னீர்கள் என்று கேட்டேன். மாட்டிறைச்சி வேண்டாம் என்று சொன்னாராம். அது சைவம் ஆகாதே என்றேன். அவர் நாற்காலியைத் திருப்பிக்கொண்டு சொன்னார்: "மாடு வேணாம்னு சொல்லிட்டேன்ல, அதுலயே பாதி சைவம் வந்துரும் லா!"

விசில்

எங்கள் குழுவில் முனியாண்டி அண்ணன் என்று ஒருவர் இருந்தார். கோல சிலாங்கூர் பக்கத்து எஸ்டேட்டில் ஆட்களை மேய்க்கும் மண்டோராக இருந்து ஓய்வு பெற்றவர். தோட்டத்தில் விடிகாலையில் ஆட்களை வரிசையில் நிறுத்திப் பெயர் கூப்பிடுவார்கள். அதற்குப் பெரட்டு என்று பெயர். அண்ணனின் தோட்டத்தை வீடமைப்புக்காரர்கள் வாங்கி எத்தனையோ காலமாகிறது. விசில் மட்டும் இன்னும் அவர் சட்டைப் பையில் இருக்கிறது.

மலை நகரத்தில் முதல் நாள் காலை எட்டு மணிக்கு எல்லாரும் கீழே வர வேண்டும் என்று நான் சொல்லியிருந்தேன். தமிழில் சொன்னேன், ஆங்கிலத்தில் சொன்னேன், வாட்ஸ்அப்பிலும் போட்டேன். எட்டேகால் வரைக்கும் ஒருவரும் வரவில்லை. அண்ணன் ஹோட்டல் வாசலில் நின்று ஒரே ஒரு விசில் ஊதினார். பட்டதாரிகள், வங்கி அதிகாரி, ஒரு பல் மருத்துவர் எல்லாரும் படியில் தடதடவென்று இறங்கி வரிசையில் நின்றார்கள். பிரிட்டிஷ்காரன் போய்விட்டான், தோட்டத்துக் கணக்கு எழுதிய கிராணியும் போய்விட்டார், அந்த வரிசை மட்டும் போகவில்லை. நான் நன்றி சொன்னேன். அண்ணன் விசிலைத் துடைத்துப் பையில் போட்டுக்கொண்டார். "மரியாதையா கூப்பிட்டா எவன் வருவான், சார்?"

வயலில் ஆள்

எங்கள் வழிகாட்டி லின். அந்த மலையிலேயே பிறந்த முப்பது வயதுப் பெண். சுற்றுலாக்காரர்களிடம் கேட்டுக் கேட்டு ஆங்கிலம் கற்றவள். அவள் பேசியதை நான் தமிழில் தருகிறேன். முதல் வளைவிலேயே பேருந்தை நிறுத்தி எல்லாரையும் இறக்கினாள். கீழே மலை முழுக்க, உச்சியிலிருந்து ஆறு வரை, மஞ்சள் வயல் படியாக இறங்கியது. எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு அங்கே பேச்சு வராது. சுங்கை ஆயர் தாவாரிலிருந்து வந்த கமலாக்காவுக்கு வந்தது. "நெல்லுதானே?" என்றார். "நம்ம ஊர்ப்பக்கம் செகிஞ்சான்ல ரோட்டோரமா இருக்கே, நாசி லெமாக் சோறு வாங்கப் போறப்ப தெனம் பாக்குறேன்."

புஞ்சாக் ஆலாமிலிருந்து வந்த தினேஷ் டிரோனைப் பறக்கவிட்டான். வயலில் ஆணும் பெண்ணுமாகப் பத்துப் பேர் குனிந்து கதிர் அறுத்துக்கொண்டிருந்தார்கள். மழை வருவதற்குள் முடிக்க வேண்டும் என்று லின் விளக்கினாள். தினேஷ் திரையைப் பார்த்து உதட்டைப் பிதுக்கினான். பிறகு என்னைக் கூப்பிட்டான். "அங்கள், அந்த ஆளுங்கள கொஞ்சம் ஓரமா போகச் சொல்லுங்களேன், நேச்சுரலா இல்ல."

எந்தச் சாமி

மறுநாள் கிராமத்துக்கு நடந்து போனோம். நடக்கும்போது லின் என்னிடம் மட்டும் ஒரு விஷயம் சொன்னாள். மதியச் சாப்பாடு அவள் அண்ணி மாய் வீட்டில். நகரத்துச் சுற்றுலா அலுவலகம், குழுக்களுக்குச் சமைத்துப் போட அந்தக் கிராமத்தில் ஒரே ஒரு வீட்டைத் தேர்ந்தெடுக்கப் போகிறது. இன்று மேலாளரே நேரில் வந்து பார்க்கிறார். எங்கள் குழு வயிறு நிறையச் சாப்பிட்டால் மாய்க்கு வீட்டோடு வேலை. தட்டுகள் அப்படியே திரும்பினால், முன்போலவே கைக்குழந்தையை முதுகில் கட்டிக்கொண்டு நகரத்துப் பேருந்து நிலையத்தில் வளையல் விற்கப் போக வேண்டும்.

இதைக் கேட்டுக்கொண்டே திரும்பிப் பார்த்தால் குழுவைக் காணோம். வளைவுக்குப் பின்னால் ஒரு நெட்டைக் கல்லின் முன் எல்லாரும் கைகூப்பி நின்றார்கள். மலை இருந்தால் முருகன் இருப்பான் என்று கமலாக்கா முடிவு செய்து, கல்லுக்குத் திருநீறு பூசி, கையோடு கொண்டுவந்த சூடத்தை ஏற்றிவிட்டார். பல் மருத்துவர் கண்ணை மூடி எதையோ வேண்டிக்கொண்டிருந்தார். லின் தயங்கித் தயங்கி, அது எருமை கட்டும் கல் என்றாள். நான் மொழிபெயர்த்தேன். யாரும் கையை இறக்கவில்லை. கமலாக்கா எனக்கும் நெற்றியில் பூசிவிட்டுச் சொன்னார்: "எருமையும் சாமி வாகனந்தான் தம்பி. எந்தச் சாமின்னு மட்டும் இப்பக் கேக்காதீங்க."

மஞ்சள் தண்ணீர்

மாய் வீடு மரப்பலகை வீடு. நடுவில் விறகடுப்பு. மேசையில் அவள் விடியலிலிருந்து சமைத்தது எல்லாம் இருந்தது. இரண்டு கறுப்புக் கோழிகளை அறுத்திருந்தாள். அந்த ஊரில் விருந்தாளிக்குச் செய்யும் பெரிய மரியாதை அது. மூங்கில் குருத்து, கீரை, சோறு. மாடு இல்லை. முதலாளி சொன்னதை அவள் எழுத்துப் பிசகாமல் செய்திருந்தாள்.

கமலாக்கா கோழியைத் தாண்டிக் கீரைக்குப் போனார். "இது என்னா எண்ணெ?" என்று கேட்டார். பொய் சொல்லலாம் என்று நான் நினைத்தேன். அதற்குள் லின் உண்மையைச் சொல்லிவிட்டாள். பன்றிக் கொழுப்பு. இருபது கைகள் ஒரே நேரத்தில் மேசையிலிருந்து விலகின. வெறும் சோறாவது சாப்பிடுங்கள், அந்தப் பெண்ணின் பிழைப்பு இதில் இருக்கிறது என்று, லின் சொன்னதையெல்லாம் சொல்லிக் கெஞ்சினேன். "பாவம்" என்றார்கள் எல்லாரும். யாரும் உட்காரவில்லை. மாய் கரண்டியைப் பிடித்தபடி ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள்.

"சும்மா நின்னா ஆவுமா? புள்ள அழுதுரும் போல இருக்கு" என்று சொல்லிவிட்டுக் கமலாக்கா தன் பெட்டியைத் திறந்தார். துணிப்பெட்டி என்று நான் நினைத்துச் சுமந்து வந்தது அது. உள்ளே பருப்பு, புளி, மஞ்சள்தூள், சாம்பார்த்தூள், பெருங்காயம், நல்லெண்ணெய், அப்பளம், ஊறுகாய், ஒரு பானை, அகப்பை. வெளிநாட்டுப் பாத்திரத்தில் கவிச்சி இருக்கும் என்று பானையையும் கொண்டுவந்திருக்கிறார். முனியாண்டி அண்ணன் விசில் ஊதினார். இரண்டு பேர் விறகுக்கு, நாலு பேர் காய் நறுக்க, பல் மருத்துவர் அப்பளம் பொரிக்க, தினேஷ் வெங்காயம் உரிக்க என்று வேலை பிரித்தார். பன்றிக் கொழுப்பு ஜாடியும் கோழிச் சட்டியும் பின்னால் எருமைக் கொட்டிலுக்கு அனுப்பப்பட்டன. கமலாக்கா சொல்ல, ஒரு அம்மா மஞ்சள் தண்ணீர் கரைத்து, அடுப்பைச் சுற்றித் தெளித்தார். வீட்டுக்காரி நிலைப்படிக்கு வெளியே நின்று, தன் அடுப்பங்கரைக்குள் எட்டிப் பார்த்தாள்.

மேலாளர் வந்தபோது இருபது பேரும் வாழையிலையில் சாம்பார்சோறு இரண்டாம் முறை வாங்கிக்கொண்டிருந்தார்கள். சிரிப்பு, ஏப்பம், படம் பிடித்தல். தினேஷ் அப்பளம் உடைவதை மெதுவாக ஓடும் காட்சியாக எடுத்துக்கொண்டிருந்தான். மேலாளரும் ஒரு கிண்ணம் சாம்பார் வாங்கிக் குடித்தார். இன்னொரு கிண்ணமும் குடித்தார். இந்த வீடுதான், இந்தியக் குழுக்கள் இனிமேல் எல்லாம் இங்கேதான் என்று அறிவித்துவிட்டுப் போனார். எல்லாரும் கைதட்டினார்கள். மாய் லின்னின் காதில் எதையோ கேட்டாள். என்னவென்று விசாரித்தேன். லின் சொன்னாள்: "ஜெயித்தது நானா, அந்த அக்காவா என்று கேட்கிறாள்."

மறுபடியும் அதே வாசல்

அடுத்த ஆண்டு ஜூன் மாதம், வயல்களில் தண்ணீர் நிற்கும் பருவத்துக்கு ஒரு குழு கொண்டுபோனேன். கமலாக்கா மறுபடியும் வந்திருந்தார். ஒரே இடத்துக்கு இரண்டு முறை வருகிற ஆள் நீங்கள் இல்லையே என்று விமான நிலையத்தில் கேட்டேன். காதருகே வந்து, "அன்னிக்கு அந்தக் கறுப்புக் கோழி வாசம் மூக்கவிட்டுப் போகவே இல்ல தம்பி. புரட்டாசின்னு வாய மூடிக்கிட்டேன். இப்ப ஆனி மாசம்" என்றார். அந்த வாசத்தின் நடுவில் நின்றுகொண்டுதான் மஞ்சள் தண்ணீர் தெளிக்கச் சொன்னார் என்பதை நினைவில் வையுங்கள்.

மாய் வாசலிலேயே எங்களைக் கும்பிட்டு வரவேற்றாள். கழுத்தில் புதுத் துணி, காலில் புதுச் செருப்பு. குழந்தை முதுகிலிருந்து இறங்கி, தரையில் விளையாடிக்கொண்டிருந்தது. பேருந்து நிலையத்துக்கு அவள் போவதில்லை. வாசலில் சூடம் எரிந்தது. உள்ளே வாழையிலை போட்டுச் சாம்பார், அப்பளம், ஊறுகாய். சாம்பார்த்தூள் ஹனோயிலிருந்து அலுவலகமே வாங்கி அனுப்புகிறதாம். கமலாக்கா இலையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், கோழி எங்கே என்று லின்னைக் கேட்டார். லின் பதறிப்போய் விளக்கினாள். இது சுத்த சைவ வீடு என்று மேலாளர் விளம்பரம் செய்துவிட்டார். இந்த அடுப்பில் ஒரு முட்டை வெந்தாலும் வேலை போய்விடும். அப்படியானால் நீங்கள் என்ன சாப்பிடுகிறீர்கள் என்று நான் கேட்டேன். வீட்டுக்காரர்களுக்குச் சமையல் பின்னால் எருமைக் கொட்டிலில் என்றாள். அன்றைக்கு நாங்கள் அனுப்பி வைத்த சட்டி திரும்பி வரவே இல்லை.

காற்று பின்பக்கத்திலிருந்து வீசியது. இஞ்சியும் கோழியும் வேகும் வாசம் சாம்பாரைத் தாண்டி வந்தது. கமலாக்கா இலையைத் தள்ளிவிட்டு எழுந்து, சேலையைச் சற்றுத் தூக்கிச் செருகிக்கொண்டு, பின்வாசலை நோக்கி நடந்தார். மாய் ஓடிவந்து இரண்டு கைகளையும் விரித்து வழியை மறித்தாள். விருந்தாளி அந்தப் பக்கம் வரக் கூடாது, அங்கே கவிச்சி என்று கையாலேயே சொன்னாள். சொல்லிவிட்டு, அடுப்போரம் இருந்த சொம்பை எடுத்து, அக்கா நின்ற இடத்தில் மஞ்சள் தண்ணீர் தெளித்தாள். கமலாக்கா ஈரக் காலோடு என் பக்கம் திரும்பினார். "ஏன் தம்பி, இந்தப் புள்ளைக்கு இந்த வேண்டாத பழக்கத்தையெல்லாம் எவ சொல்லிக் கொடுத்தா?"

ஊர் பார்க்க வருகிறவர்கள் ஊரை எருமைக் கொட்டிலுக்கு அனுப்பிவிட்டு, அடுத்த ஆண்டு வந்து ஊர் எங்கே என்று என்னைக் கேட்பார்கள். வாசம் வரும் திசையைக் கைகாட்டுவதற்குத்தான் எனக்குச் சம்பளம்.