மூன்று முறை இறங்கிய விறகுக்கட்டு

பத்திரிகையில் எழுதிக்கொண்டிருந்த வரை எனக்கு ஒரு வசதி இருந்தது. தப்பாக எழுதிவிட்டால் மறுநாள் ஒரு மூலையில் சின்னதாகத் திருத்தம் போட்டுவிடலாம். எண்பதுகளின் தொடக்கத்தில் அந்த வேலையை விட்டுவிட்டு, நண்பரிடம் கேமராவை இரவல் வாங்கிக்கொண்டு படம் எடுக்கக் கிளம்பினேன். எங்கள் ஊர் மலை மொட்டையாகிக்கொண்டு வந்தது. அதை ஊருக்குக் காட்டிவிட வேண்டும் என்று ஒரு வேகம்.

மலையில் சுள்ளி பொறுக்கி இட்லிக் கடைகளுக்கு விற்கும் ஒரு அம்மாவைச் செங்கம் ரோட்டுப் பக்கம் பிடித்தேன். காய்ந்ததைத் தவிர எதையும் தொடமாட்டார். "பச்சய வெட்டிட்டா அடுத்த வருசம் நான் எங்க சார் போறது?" என்றார். அடடா, என்ன பேச்சு! ஆனால் என் கேமராவுக்குக் காது கிடையாது, கண் மட்டும்தான்.

தலையில் கட்டோடு அவர் இறங்கி வருவதை எடுத்தேன். வெளிச்சம் சரியில்லை. திரும்ப ஏறி இறங்கச் சொன்னேன். பிறகு பக்கவாட்டில் ஒரு முறை.

"இன்னா சார், ஒரே கட்ட எத்தினி தபா எறக்கறது? எங்க வூட்டுக்காரரு கண்ணாலத்தன்னிக்குகூட என்ன இவ்ளோ நேரம் பாக்கல!"

மூன்றையும் அடுத்தடுத்து ஒட்டினேன். 'மலை தினமும் இப்படித்தான் இறங்குகிறது' என்று நானே எழுதி, நானே குரலும் கொடுத்தேன்.

பள்ளிக்கூட ஹாலில் போட்டுக் காட்டியபோது ஒரே கைதட்டல். வனக்காவலர் ஒருவர் வந்து கையைக் குலுக்கினார்.

"நல்லா காட்டினீங்க சார். ஏதோ ஒரு கட்டு, போவட்டும்னு வுட்டுட்டிருந்தோம். ஒரே நாள்ல மூணா!"

ஒரே கட்டுதான் என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் யாரோ படத்தைப் புகழ்ந்தார்கள். அந்தப் பக்கம் திரும்பிவிட்டேன்.

சில வாரம் கழித்து வேங்கிக்காலில் வீடு கட்டுகிற இடத்தில் அந்த அம்மாவைப் பார்த்தேன். தலையில் மணல் கூடை.

"மலைக்கே வரக்கூடாதுனுட்டாங்க சார். மூணு கட்டு எறக்கினேனாம். நீங்க கூடவே இருந்தீங்க இல்ல? ஒண்ணுதான்னு ஒரு வார்த்த சொல்லுங்க சார்."

என் மேல் கோபமே இல்லை. அதுதான் தாங்கவில்லை. நேரே அந்தக் காவலரிடம் போய் நடந்ததையெல்லாம் சொன்னேன்.

அவர் சிரித்தார். "பாவம்னு பேசறீங்க சார். எங்க கண்ணால பாத்தோமே."

அந்தப் பதிலை எடுத்துக்கொண்டு திரும்ப வேங்கிக்கால் போக எனக்குக் கால் வரவில்லை.